விட்டவரும் கிட்டாதவரும்

துவையலை முன்னால் வைத்துக்கொண்டு அறம் பேசலாமா என்று சிலர் சிரிக்கக்கூடும். சிரிப்பதற்கு முன்னால் ஒன்றை நினைவூட்ட விரும்புகிறேன். 1879-ஆம் ஆண்டு டிசம்பர் 30-ஆம் நாள் திருச்சுழியில் பிறந்த ரமண மகரிஷி, திருவண்ணாமலையில் விருபாட்சக் குகையில் இருந்த காலத்தில், அப்பளம் இடுவதற்கு ஒரு கை கொடுக்கும்படி தாயார் அழகம்மாள் அவரைக் கேட்டார். மகன் அப்பளம் இடவில்லை. அதற்குப் பதில் 'அப்பளப் பாட்டு' என்று ஒன்றை இயற்றிக் கொடுத்தார். அப்பளம் செய்யும் முறையைச் சொல்லுவதுபோலவே ஆன்ம விசாரணையின் முறையைச் சொல்லும் பாட்டு அது. உளுந்தும் உப்பும் தத்துவத்துக்கு இடங்கொடுக்கும் என்றால், கடலையும் புளியும் மட்டும் இடங்கொடுக்காமலா போகும்?

அருப்புக்கோட்டையிலிருந்து திருச்சுழிக்குப் போகும் வழியெல்லாம் வானத்தைப் பார்த்திருக்கும் பூமி. கரிசலும் செவலும் மாறி மாறி வரும். குண்டாற்றில் பெரும்பாலான மாதங்கள் மணல்தான் ஓடும். ஐப்பசி, கார்த்திகையில் மழை பெய்தால் கம்பும் சோளமும் உளுந்தும் மல்லியும் மிளகாயும் உண்டு. பெய்யாவிட்டால் சீமைக் கருவேலம் உண்டு. அந்த வட்டாரத்து மக்கள் கஞ்சிக்குத் தொட்டுக்கொள்ளச் செய்யும் ஒரு பண்டத்தைப் பற்றித்தான் இங்கே சொல்லப் போகிறேன்.

செய்முறை எளிது. ஒரு கைப்பிடி நிலக்கடலையை வறுத்துத் தோலைப் புடைத்துவிட வேண்டும். இரண்டு வற்றல் மிளகாயைத் தணலில் சுட்டுக்கொள்ள வேண்டும். கொட்டைப் பாக்கு அளவு புளியை ஊறவைத்து, ஒரு பல் பூண்டு, நாலு சின்ன வெங்காயம், கல்லுப்பு ஆகியவற்றோடு எல்லாவற்றையும் அம்மியில் வைத்து மையாக அரைக்க வேண்டும். அரைத்ததை நீர் விட்டுக் கரைத்து, மேலே ஒரு கரண்டி நல்லெண்ணெய் ஊற்றிக் கலக்கினால் முடிந்தது. வெள்ளரிப் பிஞ்சையும் வெங்காயத்தையும் அரிந்து, அதன்மேல் இதை ஊற்றிப் பிசைந்தால் ஒரு சட்டிக் கம்பங்கஞ்சி உள்ளே போவதே தெரியாது.

பச்சைக் காய்களின்மேல் ஊற்றும் இத்தகைய சாற்றை ஆங்கிலத்தில் 'டிரெஸ்ஸிங்' என்கிறார்கள். காய்க்கு உடுத்தும் உடை என்று நாம் வைத்துக்கொள்ளலாம். பிரான்ஸ் நாட்டுச் சமையல்காரர்கள் மூன்று பங்கு எண்ணெய்க்கு ஒரு பங்கு காடி என்று கணக்கு வைத்திருக்கிறார்கள். எண்ணெயும் புளிப்பும் எவ்வளவு கலக்கினாலும் சற்று நேரத்தில் பிரிந்து நிற்கும். இரண்டையும் பிடித்து வைக்க நடுவில் ஒன்று வேண்டும். மேல்நாட்டார் அதற்கு முட்டையின் மஞ்சள் கருவைச் சேர்த்து 'மயோனைஸ்' செய்தார்கள். அரபு நாட்டார் எள்ளை அரைத்து எலுமிச்சை பிழிந்தார்கள். கரிசல் நாட்டுப் பெண்கள் கடலையை அரைத்தார்கள். அரைத்த கடலை எண்ணெயையும் நீரையும் கைகோக்க வைத்துவிடுகிறது. பாலும் இல்லை, தயிரும் இல்லை, முட்டையும் இல்லை.

இந்த 'இல்லை' என்ற சொல்தான் என் கேள்விக்கு மூலம்.

மதுரையில் என் நண்பர் ஒருவரின் மகள் கல்லூரி ஆசிரியை. பால், தயிர், நெய், தேன் எதையும் தொடுவதில்லை என்று சில ஆண்டுகளாக உறுதி பூண்டிருக்கிறாள். இதனை இங்கிலாந்தில் 1944-இல் டொனால்ட் வாட்சனும் அவருடைய நண்பர்களும் 'வீகன்' என்று பெயரிட்டுச் சங்கம் அமைத்து வளர்த்தார்கள். தமிழில் 'நனிசைவம்' என்கிறார்கள். பெயர்தான் புதிது, எண்ணம் பழையது. ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் சிரியா நாட்டில் வாழ்ந்த அல்-மஅர்ரி என்ற கண்ணிழந்த கவிஞர் ஊனை மட்டுமல்லாமல் பாலையும் முட்டையையும் தேனையும்கூட மறுத்தவர். பால் கன்றுக்கு உரியது, தேன் ஈக்கு உரியது என்பது அவருடைய நியாயம். நண்பரின் மகளும் அதே நியாயத்தைத்தான் சொல்லுகிறாள். அவள் வீட்டில் பச்சைக் காய்க்கு ஊற்றும் சாறு என்ன தெரியுமா? வறுத்த கடலை, எலுமிச்சை, பூண்டு, மிளகாய், உப்பு, நல்லெண்ணெய். கரிசல் நாட்டுத் துவையலேதான். புளி இருந்த இடத்தில் எலுமிச்சை, அம்மி இருந்த இடத்தில் மின்சார யந்திரம்.

திருச்சுழிப் பக்கத்துச் சிற்றூர் ஒன்றில் அந்தத் துவையலை அரைத்துக்கொண்டிருந்த கிழவியிடம் ஒருமுறை கேட்டேன்: "இதிலே கொஞ்சம் மோர் விட்டால் இன்னும் நன்றாயிருக்காதா, பாட்டி? தொழுவத்தில் மாடு நிற்கிறதே!"

"மோருக்கு எங்க போக, தம்பி? கறக்கிற பாலு விடியுமுன்னே சொசைட்டிக்குப் போயிருது. பதினைஞ்சு நாளைக்கு ஒருக்கா ரூவா வரும். அதுலதான் பேரன் பள்ளிக்கூடம் போறான். நான் மோரு குடிச்சா அவன் படிப்பை யாரு பாக்க?"

இன்னொருவரையும் இவர்களோடு சேர்த்துக்கொள்ளுங்கள். 2025-ஆம் ஆண்டு ஏப்ரல் மாதம் தமிழ்நாட்டு அரசு, பச்சை முட்டையால் செய்த மயோனைஸ் நோய்க் கிருமிகளுக்கு இடமாகிறது என்று அதற்கு ஓராண்டுத் தடை விதித்தது. அன்று முட்டையை விட்டுவிட்டு வேறொன்றை அரைத்த கடைக்காரரையும் நினைத்துப் பாருங்கள். ஆசிரியை மனச்சாட்சிக்காக விட்டாள். கடைக்காரர் சட்டத்துக்காக விட்டார். கிழவிக்குக் கிட்டவில்லை. மூவர் கிண்ணத்திலும் இருப்பது ஒன்றுதான். மூவர் செய்ததும் ஒன்றுதானா?

ஜெர்மன் தத்துவ ஞானி கான்ட் 1785-இல் எழுதிய அறநூலில் ஒரு கடைக்காரனைக் கொண்டுவந்து நிறுத்துகிறார். சிறு பிள்ளை வந்தாலும் சரியான விலைக்கே விற்கிறான் அவன். நேர்மையாக இருந்தால் வியாபாரம் பெருகும் என்பது அவனுடைய கணக்கு. அவன் செய்கை கடமைக்கு மாறானதன்று. ஆனால் கடமைக்காகச் செய்ததும் அன்று. ஆகவே அதற்கு அறத்தின் மதிப்புக் கிடையாது என்று தீர்ப்புச் சொல்லுகிறார் கான்ட். இந்தத் தராசில் நிறுத்தால் ஆசிரியை ஒருத்திதான் தேறுவாள். கடைக்காரர் தேறமாட்டார். கிழவியோ தராசுப் பக்கமே வரமுடியாது. கையில் இல்லாததை எப்படித் துறப்பது?

இந்தத் தீர்ப்பைப் பாதிவரை ஏற்றுக்கொள்ளுகிறேன். மாட்டின் பக்கமிருந்து பார்த்தால் மனிதன் எந்த எண்ணத்தில் விட்டான் என்பது ஒரு பொருட்டே அல்ல. திருவள்ளுவரே புலால் மறுத்தலைப் பேசும்போது, தின்னும் வாய்கள் இருப்பதால்தான் விற்கும் கைகளும் இருக்கின்றன என்ற கருத்தைச் சொல்லுகிறார். அங்கே அவர் கணக்கிடுவது விளைவை. ஆனால் விட்டவனுடைய உள்ளம் என்ன ஆயிற்று என்று பார்த்தால் எண்ணமே எல்லாம். காந்தியடிகள் 1912-இல் தென்னாப்பிரிக்காவில், கறவை மாடுகளுக்கு இழைக்கப்படும் கொடுமைகளை அறிந்து, பாலை விட்டார். 1918-இல் நோயுற்று நெடுநாள் தேறாமல் கிடந்தபோது, சபதம் செய்கையில் பசுவையும் எருமையையும்தானே நினைத்தீர்கள், ஆட்டுப்பால் குடிக்கலாமே என்று கஸ்தூரிபா எடுத்துச் சொன்னார். அடிகள் குடித்தார், பிழைத்தார். ஆனால் சபதத்தின் எழுத்தைக் காத்து உயிரை விட்டுவிட்டோம் என்ற வேதனையைத் தம் சத்திய சோதனையில் மறைக்காமல் எழுதிவைத்தார். வெளியே பார்த்தால் சபதம் உடையவில்லை. உள்ளே உடைந்தது அவருக்குத் தெரிந்தது.

அப்படியானால் கிழவிக்கு அறமே கிடையாதா? இந்த இடத்தில்தான் கான்ட்டின் தராசு எனக்குப் போதவில்லை. அன்று அவள் சொன்ன இன்னொரு வார்த்தையும் உண்டு.

"நாலு காம்புல ஒண்ணைக் கன்னுக்கு விட்டுட்டுத்தான் கறப்பேன், தம்பி. ஒட்டக் கறந்தா இன்னும் நாலு காசு வரும். கன்னு முகத்தைப் பாத்துட்டு எப்படிக் கறக்க?"

இல்லாத மோரை அவள் துறக்கவில்லை, வாஸ்தவம். ஆனால் கையெட்டும் தூரத்தில் இருந்த அந்த நான்காவது காம்பை அவள் விட்டாள். அது யாரும் கட்டாயப்படுத்தாதது. பள்ளிக்கூடச் செலவு கழுத்தை நெரிக்கும்போதும் விட்டது. வறுமை ஒருவருடைய தெரிவுகளையெல்லாம் பிடுங்கிக்கொண்டு ஒரே ஒரு சிறு தெரிவை மிச்சம் வைக்கும்போது, அந்த ஒன்றில் அவர் என்ன செய்கிறார் என்பதைத்தான் பார்க்கவேண்டும்.

இதை நண்பரின் மகளிடம் சொன்னபோது அவள் உடனே ஒப்புக்கொள்ளவில்லை. "நாலும் கன்றுக்குரியது, மாமா. மூன்றை எடுத்துக்கொண்டு ஒன்றை விடுவதைக் கருணை என்கிறீர்கள். பிறந்தது காளைக் கன்றாக இருந்தால் அது கடைசியில் எங்கே போகிறது என்று பாட்டியைக் கேட்டீர்களா?" என்றாள். நியாயமான கேள்வி. ஏர் பூட்டிய காலத்தில் காளைக் கன்றுக்கு ஒரு வேலை இருந்தது. டிராக்டர் வந்த பிறகு அதுவும் இல்லை. அது போகும் இடம் எல்லோருக்கும் தெரியும். அந்தக் கேள்வியை மழுப்புவதற்கு நான் விரும்பவில்லை. ஆனால் அதற்குப் பதில் சொல்லவேண்டிய கடன் யாருக்கு அதிகம்? மாதச் சம்பளம் வாங்கி, பால் இல்லாவிட்டால் வேறு நூறு பண்டங்களை வாங்கக்கூடிய நமக்கா? பாலைத் தவிர விற்பதற்கு ஒன்றுமில்லாத அவளுக்கா? கை எட்டும் தூரம் எவ்வளவோ அவ்வளவு கடன் என்பதே எனக்குத் தோன்றும் நீதி. ஆசிரியையின் கை நீளமானது. அவள் நாலு காம்பையும் விட்டாள். கிழவியின் கை குட்டையானது. அவள் ஒன்றை விட்டாள். இரண்டும் உண்மையான துறவுதான்.

இந்தக் கணக்கில் ஒரு பேராபத்தும் இருக்கிறது. 'ஆகா, கிராமத்து மக்கள் எவ்வளவு எளிமையாக வாழ்கிறார்கள்! கம்பங்கஞ்சியும் கடலைத் துவையலும்! இதுவல்லவா ஆரோக்கியம்!' என்று நகரத்தில் இப்போது பேசத் தொடங்கியிருக்கிறோம். பெரிய ஓட்டல்களில் அந்தக் கஞ்சியை மண் கலயத்தில் ஊற்றி விலை போட்டு விற்கிறார்கள். நாம் விரும்பி எடுத்துக்கொண்டதும் அவர்கள்மேல் சுமத்தப்பட்டதும் ஒரே நிறமாக இருப்பதால், அவர்களுடைய இல்லாமைக்கு எளிமை என்று பெயர் சூட்டிவிடுகிறோம். பெயர் அழகாக இருந்துவிட்டால் அந்த இல்லாமையைப் போக்க வேண்டும் என்ற எண்ணமே எழாது. பசித்தவனைப் பார்த்து 'நல்ல நோன்பு' என்று பாராட்டுவதைவிடக் கொடுமை என்ன இருக்கிறது? வள்ளலார் உயிர் இரக்கத்தைப் பேசியதோடு நிற்கவில்லை. 1867-இல் வடலூரில் தருமசாலை அமைத்து அடுப்பை மூட்டினார். ஜீவகாருண்யத்தில் முதற் காரியம் பசி தீர்ப்பது என்று கண்டவர் அவர். எல்லா உயிர்க்கும் இரங்குகிறவன், பால் கறக்கும் கிழவியின் உயிருக்கு இரங்காமல் மாட்டுக்கு மட்டும் இரங்கினால் அந்த இரக்கத்திலும் ஒரு கண் குருடு.

ரமணாசிரமத்தில் தம் இலைக்கு மட்டும் ஒரு கரண்டி அதிகம் விழுவதை மகரிஷி பொறுக்கமாட்டார் என்று உடனிருந்தவர்கள் எழுதிவைத்திருக்கிறார்கள். எல்லோருக்கும் உண்டானால்தான் தமக்கும். தமக்கு வேண்டாம் என்று ஒதுக்குவதைப்போலவே, அடுத்தவர் இலையில் என்ன இருக்கிறது என்று எட்டிப் பார்ப்பதும் துறவின் பகுதிதான் என்பதை அந்தப் பழக்கம் எனக்குக் கற்பித்தது.

ஆகவே கடலைத் துவையலைச் செய்யுங்கள். பாலையும் தயிரையும் விடுவதற்கு மனம் சொன்னால் விடுங்கள். அது உயர்ந்த காரியம். ஆனால் அதே துவையலைத் தின்பவரெல்லாம் அதே விரதம் பூண்டவர் என்று எண்ணிவிடாதீர்கள். அந்தப் பாட்டியின் உறியிலும் ஒரு நாள் தயிர் தொங்க வேண்டும். அப்புறம் அதை அவள் உண்கிறாளா, கன்றை நினைத்து விட்டுவிடுகிறாளா என்பது அவளுடைய அறம். அந்த நாள் வரும்வரை அவளுடைய கிண்ணத்தில் இருக்கும் கேள்வி நம்முடையது.