மேடையும் களப்பலியும்

நாடகம் பயிலும் மாணாக்கர் வருந்தித்தான் தீரவேண்டுமோ என்பதை இவ்வாரம் ஆராய விரும்புகிறோம். "என்ன நேர்ந்தாலும் ஆட்டம் நிற்கலாகாது" என்பது நாடகக்காரரிடையே வேதவாக்குப்போல் வழங்குகின்றது. வேதவாக்கெனப்படுவது எதுவாயினும் அதனை அறிவுகொண்டு உரைத்துப் பார்ப்பது நமது வழக்கம்.

சுவா சூ காங்கை எடுத்துக்கொள்வோம். ஜூரோங், பயனியர் என்னும் இரு தொடக்கக் கல்லூரிகள் 2019-இல் ஒன்றாகி அவ்வட்டாரத்தில் இயங்கலாயின. அங்கே சேரும் பிள்ளைக்கு, இத்தீவின் மற்றத் தொடக்கக் கல்லூரிப் பிள்ளைகளுக்குப் போலவே, படிப்பு இரண்டே ஆண்டு. முடிவில் மேல்நிலைத் தேர்வு. இடையே நாடகத்திலும் சேர்ந்தால், 1967-இல் தொடங்கிய சிங்கப்பூர் இளையர் விழா எதிரே நிற்கும். நடுவர் முன் நடித்துத் தரச்சான்று பெறவேண்டும். பகலில் வகுப்பு, மாலையில் ஒத்திகை, வீடு திரும்பும் ரயிலில் வசனம், நள்ளிரவில் கணக்கு. உறக்கம் எப்பொழுது என்று கேட்பாரில்லை.

தமிழ் நாடகமாயின் மற்றொரு சுமையும் ஏறுகின்றது. சிங்கப்பூர் இந்தியருள் வீட்டில் ஆங்கிலத்தையே மிகுதியும் பேசுவோர் 2010-ஆம் ஆண்டுக் குடிமதிப்பில் நூற்றுக்கு 41.6, 2020-இல் 59.2. அத்தகைய வீட்டுப் பிள்ளை சேரமன்னனாக நின்று செந்தமிழ் முழங்கவேண்டுமாம்! ழகரம் சற்றே வழுக்கினால் முன்வரிசைப் பெரியோர் 'உச்' கொட்டுகின்றனர். "தமிழ் வாழ்வது உங்கள் கையில்" என்ற உபதேசம் வேறு. வீட்டுக்குள் தமிழைக் கைவிட்டவர்கள் பெரியவர்கள். அதைத் தூக்கிநிறுத்தும் பொறுப்போ பதினேழு வயதின் தலையில். பாரதப்போர் வெல்ல அரவானைக் களப்பலியிட்ட கதைக்கும் இதற்கும் பெரிய வேற்றுமை நமக்குத் தோன்றவில்லை.

"அக்காலத்துப் பாலர் கம்பெனிகளில் அடிபட்டவர்கள்தாமே பெருநடிகர் ஆனார்கள்?" என்பர் சிலர். 1918-இல் மதுரையில் சங்கரதாஸ் சுவாமிகளின் சபையில் சேர்ந்தபோது டி. கே. சண்முகத்துக்கு வயது ஆறு. பின்னர் அவர் அவ்வையாராக நடித்துப் புகழ்கொண்டார் என்பதும் மெய்யே. ஆனால் கம்பெனிகளை விட்டு இரவோடிரவாக ஓடிப்போன பிள்ளைகளின் வரலாற்றை எழுதியவர் யார்? வென்றவன் மட்டுமே சாட்சி சொல்லும் வழக்கில் தீர்ப்பு எப்படியிருக்கும்! தோட்டத்துப் பெரட்டுக்களத்தில் நின்றறிந்த நம்மவர்க்கு இதனை விரித்துரைக்க வேண்டுவதில்லை. கங்காணியின் பிரம்பினால் இரப்பர்ப்பால் சுரந்ததென்று சொல்வாருண்டோ? மரம் சுரந்தது, பிரம்பு அடித்தது.

இதனால் மேடையில் நெருக்கடியே கூடாதென்று நாம் சொல்லவில்லை. தன் வசனத்துக்காக எதிரே ஒரு தோழி காத்து நிற்கிறாள் என்னும் அச்சம் நல்லது. அது நட்பினின்று பிறப்பது. அவளும் அவனுக்காக அவ்வாறே காத்து நிற்பாள். "இன்று என்னால் இயலாது" என்று ஒருவன் வாய்திறந்து சொல்ல இயலுமா என்பதே நமது உரைகல். இயலுமாயின் அங்கே நடப்பது பயிற்சி. இயலாதாயின் கங்காணித்தனம். ஒரு வேடத்துக்கு இருவரைப் பழக்குவதும், தேர்வு மாதத்தில் ஒத்திகையை நிறுத்துவதும் ஆசிரியர்க்கு அரிய காரியங்களல்ல.

வழுக்கும் நாவைப்பற்றியும் ஒரு வார்த்தை. 1988-இல் குவோ பாவ் குன் என்னும் சீன நாடகாசிரியர் பூனையைத் தேடியலையும் ஒரு தாயைச் சிங்கப்பூர் மேடையேற்றினார். அவள் பேசுவது ஹொக்கியன். அவளைப்போலவே பூனையைத் தேடிவரும் ஓர் இந்தியர் பேசுவது தமிழ். ஒருவர் மொழி மற்றவர்க்குத் தெரியாது. சைகையாலும் ஒலியாலும் இருவரும் அளவளாவுகின்றனர். சேரமன்னனைச் சற்று ஓய்வெடுக்கவிட்டு, தாத்தாவிடம் பாதித் தமிழில் தடுமாறும் பேரனை நம் பிள்ளைகள் ஒருமுறை மேடையேற்றிப் பார்க்கட்டுமே. அவ்வேடத்துக்கு அவர்களைவிடத் தகுந்தவர் யார்?