பழைய சாமி படத்தை என்ன செய்வது?

கோவில்பட்டியில் சாமி படங்களுக்குக் கண்ணாடி போட்டுச் சட்டம் அடித்துக் கொடுப்பது என் தொழில். அப்பா தொடங்கிய கடை. வருகிறவர்கள் கேட்பதில் பாதி விலை. மீதியில் அடிக்கடி காதில் விழுவது ஒரே கேள்விதான்: "பழைய படத்த என்னண்ணே செய்றது?" குப்பையில் போட மனசு வராது. வீட்டில் வைத்துக்கொள்ளவும் பயம். கண்ணாடி விரிந்த படம் வீட்டுக்கு ஆகாது என்று யாராவது சொல்லியிருப்பார்கள். "நீங்களே வச்சுக்கங்க" என்று என் மேஜையில் சாத்திவிட்டு நழுவப் பார்ப்பார்கள்.

குருக்களிடமோ ஆதீனத்திலோ கேட்க வேண்டிய கேள்வி. என்னிடம் வருவதிலும் ஒரு நியாயம் இருக்கிறது. ஒரு காகிதம் எப்போது சாமியாகிறது, எப்போது சாமியாக இருப்பதை விடுகிறது என்பதை இரண்டு முனையிலும் நின்று பார்க்கிற ஆள் சட்டம் அடிப்பவன்தான்.

முதல் முனையைச் சொல்கிறேன். படங்கள் சிவகாசியிலிருந்து கட்டாக வரும். ஒரே கட்டில் மகாலட்சுமி, பழனி ஆண்டவர், வேளாங்கண்ணி மாதா, ஓர் அருவிக் காட்சி, கன்னத்தில் கை வைத்துச் சிரிக்கிற குழந்தை எல்லாம் ஒன்றன்மேல் ஒன்றாகக் கிடக்கும். சட்டத்தின் அளவுக்குப் படம் பெரிதாக இருந்தால் ஓரத்தைப் பிளேடால் வெட்டுவேன். லட்சுமிக்கு இரண்டு பக்கமும் நிற்கிற யானைகளில் ஒன்றுக்குப் பின்கால் போய்விடும். அதற்காகக் கன்னத்தில் போட்டுக்கொண்டது இல்லை. கடைப் பையன் அந்தக் கட்டின் மேலேயே டீ கிளாஸை வைப்பான். கடையில் ஆள் நின்றால் மட்டும் அதட்டுவேன்.

அதே படம் பல வருஷம் கழித்துத் திரும்பி வரும். சாம்பிராணிப் புகையும் விளக்கெண்ணெய்ப் பிசுக்கும் சேர்ந்து சட்டம் கறுத்திருக்கும். கண்ணாடியில் நெற்றிக்கு நேரே ஒரு குங்குமப் பொட்டு, காலுக்கு நேரே சந்தனம். பின்னட்டையைப் பிரித்தால் உள்ளே என்னென்னவோ இருக்கும். முட்டுக் கொடுப்பதற்கு மடித்து வைத்த பழைய தினத்தந்தி, கல்யாணப் பத்திரிகை, சில சமயம் இன்னொரு சாமி. முந்தின படத்தை வெளியே எறிய மனசில்லாமல் புதுப் படத்துக்குப் பின்னாலேயே வைத்து அடித்திருப்பார்கள். என் அப்பாவும் அப்படிச் செய்தவர்தான். இராமர் பட்டாபிஷேகத்தை இராமபாணப் பூச்சி பாதி தின்று வைத்திருக்கும். அந்தக் கிழிந்த பாதியை எடுத்துக் குப்பைக் கூடையில் போட என் கை போகாது. கட்டில் கிடந்த போது யானையின் காலை வெட்டிய அதே கைதான்.

இடையில் என்ன நடந்தது? அச்சு மாறவில்லை. மை மாறவில்லை. எந்த ஐயரும் வந்து மந்திரம் சொல்லவில்லை.

ஓர் ஆச்சி முருகன் படத்தைக் கொண்டு வந்தார். கண்ணாடி மூலையில் உடைந்து, விரிசல் குறுக்கே ஓடியிருந்தது. கண்ணாடி மட்டும் மாற்றினால் போதும், படத்தில் கை வைக்கக் கூடாது என்றார். கழற்றினேன். உள்ளே படம் நேற்று அச்சடித்தது போலப் பளபளவென்று இருந்தது. எல்லாப் பொட்டும், எல்லாப் புகையும், அவர் விரல் ரேகை எல்லாமும் கண்ணாடியோடு போய்விட்டது. புதுக் கண்ணாடி போட்டு நீட்டினேன். அவர் படத்தைப் பார்த்தார், முகம் தெளியவில்லை. "அந்தப் பழைய கண்ணாடிய எங்க தம்பி?" என்றார். "ஒடஞ்சு போச்சே ஆச்சி, அது எதுக்கு?" என்றேன். "ஒனக்கு எதுக்குய்யா அது? எங்கிட்டக் குடு." பேப்பரில் சுற்றிக் கொடுத்தேன். மடியில் வைத்துக்கொண்டு போனார்.

அந்த வீட்டு முருகன் காகிதத்தில் இருந்தானா, கண்ணாடியில் இருந்தானா? ஆச்சியைக் கேட்டால் சிரித்திருப்பார். அவர் விரல் தொட்டது கண்ணாடியைத்தான். காகிதத்தை அவர் ஒரு தடவைகூடத் தொட்டதில்லை.

கோயிலில் இந்தக் குழப்பம் கிடையாது. சிலைக்குக் கண் திறக்க ஒரு சடங்கு உண்டு, உயிர் ஏற்ற ஒரு சடங்கு உண்டு. திருப்பணி என்று வந்தால் மூலவரின் சக்தியைக் கும்பத்துக்கோ அத்திமரப் பலகைக்கோ இறக்கிப் பாலாலயம் செய்துவிட்டுத்தான் கருவறையில் கொத்தனார் கால் வைப்பார். வருவதற்கு ஒரு வாசல், போவதற்கு ஒரு வாசல். வீட்டிலும் மஞ்சள் பிள்ளையாருக்கு அந்த முறை இருக்கிறது. ஒரு பிடி மஞ்சளில் தண்ணீர் விட்டுப் பிடித்து, அருகம்புல் சொருகி, வா என்று கூப்பிட்டால் வருகிறார். பூசை முடிந்ததும் வடக்கே லேசாக நகர்த்தி, உன் இடத்துக்குப் போய் வா என்று அனுப்பிவிட்டால் பிறகு அது மஞ்சள்தான். பெண்கள் கரைத்து முகத்தில் பூசிக்கொள்ளலாம். தமிழ் வீடுகளில் நடக்கிற தத்துவ விசாரணைகளில் இதைவிடத் தெளிவானதை நான் பார்த்ததில்லை. கடவுள் ஒரு பொருளில் தங்குவார், ஆனால் அதில் மாட்டிக்கொள்ள மாட்டார் என்பதை ஒரு பிடி மஞ்சளில் சொல்லிவிடுகிறார்கள்.

காகிதச் சாமிக்குத்தான் இரண்டு வாசலும் இல்லை. கண் திறந்தபடியே அச்சு இயந்திரத்திலிருந்து வருகிறார். ஆகம நூல்கள் எழுதப்பட்ட காலத்தில் அச்சு இல்லை. அவற்றைக் குறை சொல்ல முடியாது. ரவி வர்மா பம்பாயில் அச்சகம் தொடங்கியது 1894-இல். அதற்கு முன் சாதாரண வீட்டுச் சுவரில் முகம் வைத்த சாமி அரிது. விளக்கு இருந்தது, கலசம் இருந்தது, மஞ்சள் பூசிய செங்கல் இருந்தது. தஞ்சாவூர்ப் படம் மாட்டுவதற்கு வசதி வேண்டும். அச்சு வந்தபின் சில்லறைக் காசுக்கு லட்சுமியும் சரசுவதியும் கிடைத்தார்கள். மதுரை மீனாட்சி கோயிலுக்குள் வைத்தியநாத ஐயர் தலைமையில் தாழ்த்தப்பட்டோரும் நாடார் ஒருவரும் நுழைந்தது 1939 ஜூலை 8-ஆம் தேதி. கோயில் வாசலில் சாதி கேட்டார்கள். படக்கடையில் காசுதான் கேட்டார்கள். மீனாட்சியைப் பார்க்க உள்ளே விடப்படாதவர், அவள் படத்தை வாங்கித் தன் வீட்டுச் சுவரில் ஆணி அடித்து மாட்டிக்கொள்ள யாரிடமும் அனுமதி கேட்க வேண்டியிருக்கவில்லை. பிரதிஷ்டை செய்யாத படம் என்று காகிதச் சாமியை இளக்காரமாகப் பேசுகிறவர்களிடம் நான் இதைத்தான் சொல்வேன். பிரதிஷ்டை செய்த சாமியைப் பூட்டி வைத்திருந்த காலத்தில் இந்தச் சாமி வீடு தேடி வந்தது.

எங்கள் ஊருக்கு இதில் பெரிய பங்கு உண்டு. சி. கொண்டையா ராஜு (1898–1976) நாடகக் கம்பெனிக்குத் திரை எழுதிக்கொண்டிருந்தவர். கோவில்பட்டிக்கு வந்து இங்கேயே தங்கிவிட்டார். திருவண்ணாமலையில் ரமணரிடமும் சில காலம் இருந்தவர். அவரும் அவருடைய மாணவர்களும் வரைந்த சாமிகளைத்தான் சிவகாசி அச்சகங்கள் காலண்டர்களில் போட்டுத் தமிழ்நாடு முழுவதும் அனுப்பின. முருகன் என்றதும் கண்ணை மூடினால் நமக்குத் தெரிகிற முகம் பெரும்பாலும் இந்த ஊர்க்காரர்கள் போட்டது. அந்தப் படங்களில் சாமிக்குப் பின்னால் பாருங்கள்: மலை, தாமரைக் குளம், தூண் வைத்த மாடம், எல்லாமே நாடகத் திரைச்சீலை. வெளிச்சம்கூட மேடை வெளிச்சம்தான். நாடகம் முடிந்தால் திரையைச் சுருட்டி வண்டியில் ஏற்றுவார்கள். இந்தத் திரைக்கு முன்னால் நின்ற முருகனைச் சுருட்ட முடியாமல் போனது.

படத்து மலையைச் சொன்னதால் நிஜ மலை ஒன்றையும் சொல்ல வேண்டும். இங்கிருந்து சுமார் 20 கிலோமீட்டரில் கழுகுமலை. அடிவாரத்தில் முருகன் கோயில், கூட்டத்துக்குக் குறைவில்லை. மேலே ஏறினால் ஒரே பாறையைக் குடைந்த, முடிக்காமல் விட்ட வெட்டுவான் கோயில். இன்னும் தள்ளிப் போனால் பாறைச் சரிவில் வரிசை வரிசையாகச் சமணத் தீர்த்தங்கரர்கள். யார் யார், எந்த ஊரார் செய்வித்தது என்று பல உருவங்களுக்குக் கீழே வட்டெழுத்தில் வெட்டியிருக்கிறது. 8-ஆம் நூற்றாண்டையொட்டிய வேலை. வெட்டி வைத்தவர்களின் சமயம் அந்த மலையை விட்டுப் போய் நெடுங்காலம் ஆகிறது. பொட்டு இல்லை, பூ இல்லை, விளக்கு இல்லை. தொல்லியல் துறையின் பலகை இருக்கிறது. பக்கத்தில் ஐயனார் குடியிருக்கிறார். அவருக்குப் பூசை உண்டு. ஒரே பாறையில் ஓரிடம் கோயில், சில அடி தள்ளி மற்றோரிடம் நினைவுச் சின்னம். கல்லில் வித்தியாசம் இல்லை, வந்து நிற்கிற ஆளில் இருக்கிறது.

அப்படியானால் எல்லாம் நம் மனசுதானா, பொருளில் ஒன்றுமே இல்லையா? சிவவாக்கியர் முதல் பெரியார் வரை அப்படிக் கேட்டவர்கள் நம்மிடம் குறைவில்லை. 1953 மே 27-ஆம் தேதி, புத்தர் பிறந்த நாளில், பெரியார் திருச்சியில் பொதுக்கூட்டத்தில் களிமண் பிள்ளையாரைப் போட்டு உடைத்தார். வழக்குப் போட்டார்கள். அவராகக் கொண்டுவந்து உடைத்த மண்ணுருவம், யாரும் கோயிலில் வைத்துக் கும்பிட்டது அல்ல என்று கீழே உள்ள நீதிமன்றங்கள் தள்ளிவிட்டன. 1958-இல் உச்ச நீதிமன்றம் வேறு மாதிரி சொன்னது: எவ்வளவு அற்பமான, விலை போகாத பொருளாக இருந்தாலும் மக்களில் ஒரு பிரிவினர் புனிதமாகக் கருதினால் அது சட்டத்தின் கண்ணில் புனிதப் பொருள்தான், அதற்குப் பூசை நடந்திருக்க வேண்டும் என்ற கட்டாயமும் இல்லை. ஆனால் காலம் கடந்துவிட்டதால் மறுவிசாரணைக்கு உத்தரவிடவில்லை.

நீதிமன்றம் சொன்னதன் முன்பாதி எனக்குச் சரி, பின்பாதி சரியில்லை. பூசை நடந்திருக்க வேண்டியதில்லை என்றால் என் கடையில் சுருட்டிக் கிடக்கிற கட்டும் புனிதம், டீ கிளாஸ் வைத்த பையனும் குற்றவாளி. நீதிபதிகள் பார்த்தது அடுத்தவர் மனசு புண்படுவதை. அந்த அளவில் அவர்கள் சொன்னது நியாயமாக இருக்கலாம். நான் பார்ப்பது என் கை எங்கே தயங்குகிறது என்பதை. அது தினமும் பொட்டு வைத்த படத்தின் முன்னால்தான் தயங்குகிறது. பிரசவத்துக்குப் போகுமுன் ஒருத்தி அதன் முன்னால் நின்றிருக்கிறாள். பரீட்சை எழுதப் போன பையன் நின்றிருக்கிறான். கடன் கேட்டு வந்தவன் போனபிறகு குடும்பத் தலைவன் நின்றிருக்கிறான். ஒரு வீட்டின் பயமும் ஆசையும் வருஷக்கணக்காகப் போய் விழுந்த இடம் அது. கடவுள் உண்டா என்பது எனக்குத் தெரியாத சங்கதி. அந்தப் படத்தின் முன்னால் நின்றவர்கள் உண்டு என்பது பிசுக்கிலேயே தெரிகிறது.

எதிர்வாதம் ஒன்று உண்டு. மதில் சுவரில் பதிக்கிற சாமி டைல்ஸ். சிறுநீர் கழிப்பதைத் தடுக்கப் பிள்ளையார், இயேசு, மெக்கா மூன்றையும் வரிசையாக ஒட்டுகிறார்கள். அதற்கு யாரும் பொட்டு வைப்பதில்லை, இருந்தும் வேலை செய்கிறதே என்று ஒரு நண்பர் மடக்கினார். வேலை செய்கிறதுதான். ஆனால் அது வீட்டுக்குள் வைத்த பொட்டின் மிச்சத்தில் ஓடுகிற வேலை. இப்படிச் சாமியைக் காவல் வேலைக்கு வைப்பது எனக்குப் பிடிக்கவில்லை. கேட்கிறவர்களுக்கு நான் டைல்ஸ் வாங்கித் தருவதும் இல்லை.

ஆக, படத்தைச் சாமி ஆக்கியவர்கள் நாம்தான் என்றால் அனுப்பி வைக்கிற கடமையும் நம்முடையது. நாம் என்ன செய்கிறோம்? விடிவதற்கு முன் யாரும் பார்க்காத நேரத்தில் ஏதாவதோர் அரசமரத்தடியிலோ வேம்படியிலோ சாத்திவிட்டு, திரும்பிப் பார்க்காமல் வந்துவிடுகிறோம். மரம் பார்த்துக்கொள்ளும் என்று பேர். மழையில் அட்டை ஊறிப் பிரியும், கண்ணாடி சிதறும், அங்கே விளையாடுகிற பிள்ளைகள் காலில் குத்தும். பக்தி என்று இதைச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. பொறுப்பைக் கை கழுவுவதுதான் இது. ஆற்றில் விடுவதும் இப்போது சரிப்படாது. அந்தக் காலத்துச் சட்டம் தேக்கு. இப்போது நானே விற்பது சிந்தெடிக். லேமினேஷன் செய்த படம் எந்தத் தண்ணீரிலும் கரையாது.

மஞ்சள் பிள்ளையாருக்குச் செய்வதைக் காகிதத்துக்கும் செய்யலாம் என்பது என் யோசனை. எந்த நூலிலும் இல்லை, நானாகச் சொல்வது. கடைசியாக ஒரு பொட்டு வையுங்கள். வீட்டில் உள்ளவர்களைக் கூப்பிட்டு, இந்தப் படம் எப்போது யார் வாங்கியது என்று தெரிந்ததைச் சொல்லுங்கள். போய் வா என்று சொல்லி வடக்கே நகர்த்துங்கள். பிறகு சட்டத்தைக் கழற்றி, காகிதத்தை மட்டும் தண்ணீரில் ஊறவைத்துச் செடிக்கடியில் புதைத்துவிடுங்கள். ஆணிகளைப் பழைய இரும்புக்காரரிடம் போடுங்கள். கண்ணாடியைக் கனமான அட்டையில் சுற்றிக் கயிறு கட்டி, மேலே 'கண்ணாடி' என்று பெரிதாக எழுதி, குப்பை வண்டியில் வருகிற அம்மாவிடம் சொல்லிக் கையில் கொடுங்கள். அவர் கையுறை இல்லாமல்தான் அள்ளுகிறார்.