காத்திருக்கும் நேரம் யாருடையது?

காலத்தை மரக்காலில் அளந்து விற்கும் ஒரு வணிகர் சங்கம் இருப்பதாகச் சற்றே கற்பனை செய்து பாருங்கள். 'மகள் கல்யாணத்துக்கு இன்னும் ஒரு வாரம் அவகாசம் வேண்டும்' என்று ஒருவர் வந்து நிற்கிறார். 'பரீட்சைக்கு முன்னால் இரண்டு நாழிகை கிடைக்குமா?' என்கிறான் ஒரு மாணவன். சங்கத்தார் அளந்து பார்த்து விலை சொல்கிறார்கள். கேட்கச் சிரிப்பாகத்தான் இருக்கிறது. ஆனால், இந்தச் சரக்கை அவர்கள் யாரிடம் கொள்முதல் செய்திருப்பார்கள்? அதை யோசித்தால் சிரிப்பு நின்றுவிடும்.

நேரத்தை நிஜமாகவே விற்று வாழ்ந்த குடும்பம் ஒன்று லண்டனில் இருந்தது தெரியுமா? கிரீன்விச் வான் ஆராய்ச்சிக் கூடத்தில் பணியாற்றிய ஜான் ஹென்றி பெல்வில், 1836-ல் இந்தத் தொழிலைத் தொடங்கினார். துல்லியமான ஒரு சட்டைப்பைக் கடிகாரத்தை ஆராய்ச்சிக் கூடத்து நேரத்தோடு சரிபார்த்து எடுத்துக்கொண்டு, கடிகாரக் கடைகளுக்குப் போவார். சந்தா கட்டியவர்கள் அதைப் பார்த்துத் தங்கள் கடிகாரத்தைத் திருத்திக்கொள்வார்கள். 1856-ல் அவர் மறைந்த பின் மனைவி மரியாவும், 1892 முதல் மகள் ரூத்தும் இதைத் தொடர்ந்தார்கள். ரூத் அம்மையார் தன் கடிகாரத்தை, அதைச் செய்தவரின் பெயரால் 'ஆர்னால்டு' என்றே அழைப்பாராம்! தந்தி மூலம் நேரம் அனுப்பும் போட்டி நிறுவனத்தைச் சேர்ந்தவர் ஒருவர், 1908-ல் ஒரு கூட்டத்தில் இந்தப் பழைய முறையைக் கிண்டல் செய்தார். அது பத்திரிகைகளில் வந்ததும் அம்மையாரின் புகழ்தான் கூடியது. 1940 வரை அந்த வியாபாரம் நடந்தது.

இதில் தவறேதும் இருப்பதாக எனக்குத் தோன்றவில்லை. அவர் விற்றது காலத்தை அல்ல. 'இப்போது மணி இன்னது' என்ற தகவலை. நம் பழந்தமிழ் மன்னர்களுக்குப் பொழுதை அறிவித்த நாழிகைக் கணக்கர்கள் செய்ததும் இதுதானே! மணி சொல்லிவிட்டு அவர் போன பிறகு, யாருக்கும் ஒரு நொடி கூடக் குறைந்திருக்காது.

வட்டி விஷயம் அப்படியல்ல என்று வாதாடியவர்கள் உண்டு. 13-ம் நூற்றாண்டில் இங்கிலாந்தில் வாழ்ந்த சோபாமின் தாமஸ் என்ற கிறிஸ்தவ அறிஞர், 'கடன் கொடுத்தவன் வட்டிக்கு ஈடாகத் தருவது எதை? வெறும் காலத்தை. காலமோ கடவுளின் சொத்து. பிறர் சொத்தை விற்க இவனுக்கு என்ன உரிமை?' என்கிற ரீதியில் எழுதினார். நம் முன்னோர்கள் இதை ஏற்றிருக்க மாட்டார்கள். தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டுகளைப் பாருங்கள். கோயில் பணத்தை ஊர்ச் சபைகளிடம் கொடுத்து, ஒரு காசுக்கு ஆண்டுக்கு அரைக்கால் காசு வட்டி, அதாவது நூற்றுக்குப் பன்னிரண்டரை வீதம், வாங்கித்தான் பல கைங்கரியங்கள் நடந்தன. ஒரு விளக்குக்கு 96 ஆடுகள் என்று விட்டு, அதற்கு ஈடாகத் தினமும் ஓர் உழக்கு நெய் பெற்றார்கள். சந்திர சூரியர் உள்ளவரை எரிய வேண்டும் என்பது ஏற்பாடு. தான் போன பிறகும் வரப்போகிற காலத்துக்காக, ஒருவர் தன் கைப்பொருளைக் கொடுக்கிறார். தாமஸ் இதைப் பார்த்திருந்தால் என்ன சொல்லியிருப்பாரோ!

சரி, இப்போது நம் ஊர்க் கோயில் வரிசைக்கு வருவோம். ஒரு பக்கம் தர்ம தரிசனம், மறுபக்கம் கட்டண தரிசனம். திருமலையில் சிறப்பு நுழைவு தரிசனத்துக்கு 300 ரூபாய். சீட்டு வாங்கும்போது நாம் வாங்குவது எதை? தரிசனத்தை அல்ல, அது இரண்டு வரிசைக்கும் பொது. நாம் வாங்குவது நேரத்தை.

ஒரு சின்னக் கணக்கு போடுவோம். சந்நிதியை நிமிடத்துக்கு 20 பேர் கடக்க முடியும் என்று வைத்துக்கொள்ளுங்கள். தர்ம வரிசையில் 2,400 பேர். எல்லோரும் தரிசித்து முடிக்க இரண்டு மணி நேரம் போதும். அந்த இருபதில் பத்து இடத்தைச் சீட்டு வாங்கியவர்களுக்கு ஒதுக்கினால்? கடைசியில் நிற்பவருக்கு நான்கு மணி நேரம். கோயிலுக்கும் ஒரு நாளைக்கு அறுபது நாழிகைதான். கையிருப்பில் உபரி நேரம் எதுவும் இல்லை. ஆக, கவுன்டரில் விலை போனது அந்தக் கடைசி மனிதரின் இரண்டு மணி நேரம். பணம் அவர் கைக்கு வரவில்லை. அவரை யாரும் கேட்கவும் இல்லை. அவர் ஒரு நாள் கூலியை விட்டுவிட்டு வந்த கொத்தனாராக இருக்கலாம். 'இலவச தரிசனம்' என்று பலகை சொல்கிறது. அவர் வீட்டுக் கணக்கில் அது இலவசம் இல்லை.

'சீட்டுப் பணத்தில்தானே அன்னதானம் நடக்கிறது, திருப்பணி நடக்கிறது?' என்பீர்கள். நியாயமான கேள்வி. அந்த அன்னதானப் பந்தியில் கொத்தனாரும் உட்காரலாம். வெளியூரிலிருந்து வந்து, மாலை ரயிலைப் பிடிக்க வேண்டியவரின் அவசரமும் பொய்யல்ல. நிர்வாகத்தின் சங்கடமும் புரிகிறது. ஆனால், அன்னதானத்துக்குக் கொடுக்க நினைப்பவர் உண்டியலில் போட்டுவிட்டு அதே வரிசையில் நிற்கலாமே! நின்றால் பணம் குறையுமா, கூடுமா என்பதை நீங்களே ஊகியுங்கள். பெரும்பாலும் குறையும் என்பதே என் எண்ணம். அப்படியானால், அந்தப் பணத்தை தானம் என்ற கணக்கில் எழுத முடியாது.

அதே வரிசையில் இன்னொன்றையும் கவனித்திருப்பீர்கள். கைக்குழந்தையோடு ஒரு பெண் வருகிறாள். குழந்தை வெயிலில் வீறிட்டு அழுகிறது. முன்னால் நிற்பவர்கள் ஒவ்வொருவராகத் திரும்பிப் பார்த்து, 'நீ முன்னால போம்மா' என்று ஒதுங்குகிறார்கள். கொத்தனாரும் ஒதுங்குகிறார். அவருக்கு அதனாலும் சில நொடிகள் தள்ளித்தான் போகின்றன. ஆனால், அவர் முகத்தில் சிணுக்கம் இல்லை. அவள் உள்ளே போய்விட்டாளா என்று எட்டிப் பார்த்துக்கொண்டு நிற்கிறார்.