ஓரடிகளுக்குச் சோறு

பழனிக்கு மேற்கே நிற்கும் ஐவர்மலையை நம் சமணப் பெருமக்கள் பலர் அறிவர். கி.பி. 870-இல், வரகுண பாண்டியன் காலத்தில், குணவீரக் குரவடிகளின் மாணாக்கர் சாந்திவீரக் குரவர் அங்குள்ள பார்சுவநாதர், இயக்கியர் திருவுருவங்களைப் புதுக்கி, 505 காணம் பொன் வைத்ததாகக் கல்வெட்டு கூறுகிறது. அப்பொன் எதற்கு? படையலுக்கும், துறவி ஒருவரின் சோற்றுக்கும்.

அதே மலைத்தொடரின் மேலேயுள்ள கோடைக்கானலுக்கு இன்று நகரவாசிகள் அமைதி தேடித் திரளாக வருகின்றனர். கூட்டம் மிகுந்து, 2024 மே முதல் வாகனங்களுக்கு இ-பாஸ் முறையே வந்துவிட்டது. ஊரில் தனிமை கிட்டாமலா இங்கு வருகின்றனர்? அங்கே அடுக்ககத்தில் எதிர்வீட்டார் பெயரும் தெரியாது. பிரிட்டன் 2018-இலும் ஜப்பான் 2021-இலும் தனிமைத் துயருக்கென அமைச்சரையே நியமித்தன. உலகில் ஆறு பேரில் ஒருவர் இத்துயரில் வாடுவதாக உலக சுகாதார நிறுவனம் 2025-இல் அறிவித்தது.

"பன்னிரு சிந்தனைகளுள் ஏகத்துவம் ஒன்றன்றோ? உயிர் தனியே பிறந்து தனியே வினைப்பயன் துய்க்கிறது, பிறகு வருந்துவானேன்?" என்பார் நம்மிடையே உளர். முதிய பெற்றோரிடம் இதனைச் சொல்லிவிட்டுப் பேருந்து ஏறும் பிள்ளைகளையும் கண்டிருக்கிறோம். இவ்விடை நமக்கு உடன்பாடன்று. ஏகத்துவம் ஒருவர் தமக்குத் தாமே சிந்திக்க வேண்டுவது. பிறர் வாயை அடைக்க எடுத்து வீசுவதற்கன்று. அச்சிந்தனைகளை வகுத்த உமாசுவாமிகளே, தத்துவார்த்த சூத்திரத்தில், உயிர்கள் ஒன்றுக்கொன்று துணையாதலையும் கூறியுள்ளார். துறவி தனிமையைத் தாமே மேற்கொண்டவர்; முதியவர்மீது அது வந்து விழுந்தது. (மாணவரைத் தனியே அமர்த்துவதைப் பள்ளிகள் தண்டனையென்றே அறிந்திருந்தன.) அத்துறவியும் ஆகாரத்திற்காக இல்லறத்தார் முன் வந்து நிற்கவே செய்கிறார்.

வந்தவாசி, செய்யாறு, திண்டிவனம் பகுதிகளில் நம் ஊர்கள் சிலவற்றில் இன்று ஜினாலயத்திற்கு வருவோர் முதியோர் இருவர் மூவரே. பிள்ளைகள் சென்னையிலும் பெங்களூரிலும் உள்ளனர். பணம் தவறாமல் வருகிறது. அதில் குறை சொல்வதற்கில்லை. ஆயினும் பொழுது சாயுமுன் இலை போட்டு அமரும்போது எதிரே அமர ஆளில்லை. அப்பிள்ளைகளும் அங்கே தனியறையில் தனியேதான் உண்கின்றனர் என்பது வேறு செய்தி.

சாந்திவீரர் வைத்த பொன்னும் தானே சோறாகிவிடவில்லை. நாள்தோறும் யாரோ ஒருவர் உலையேற்றி, அவ்வடிகளின் எதிர்நின்று அதனை இட்டிருக்க வேண்டும்.