இருக்கைகள் சில, உயிர்கள் பல

இடருற்றாரைக் காத்தல் அறம் என்பதில் கருத்து வேறுபாடு கொள்வார் இலர். ஆயின், காப்பவரின் ஆற்றல் சிறிதாகவும் காக்கப்பட வேண்டியோர் தொகை பெரிதாகவும் இருக்கும்போது எவரை முதலிற் காப்பது என்பது அத்துணை எளிதில் விடை காணத்தக்க வினாவன்று. வீழ்ச்சியுறும் போர்க்களம் ஒன்றிலிருந்து இராணுவ விமானங்கள் குடிமக்களை அவசரமாக ஏற்றிச் செல்லும் வேளையில் இவ்வினா தன் முழுக் கடுமையுடனும் எழுகின்றது. விமானத்தின் கதவு மூடப்படும்போது உள்ளே இருப்போரும் வெளியே நிற்போரும் எந்த அளவுகோலினாற் பிரிக்கப்பட்டனர் என்பதே ஈண்டு ஆராயற்பாலது.

1975 ஏப்பிரல் 29, 30 ஆம் திகதிகளில் சைகோன் நகரிலிருந்து அமெரிக்க ஹெலிகொப்டர்கள் ஏறத்தாழ 7,000 பேரை ஏற்றிச் சென்றன. தூதரக வளவினுள் வாக்குறுதி பெற்றுக் காத்திருந்த ஏறக்குறைய 400 பேர் கைவிடப்பட்டனர். 2021 ஆகத்தில் காபூலிலிருந்து 1,20,000 இற்கும் மேற்பட்டோர் வான்வழியே வெளியேற்றப்பட்டனர். 823 பேர் ஒரே விமானத்தின் தரையில் நெருக்கியமர்ந்து பறந்தனர். மறுநாள் புறப்பட்ட மற்றொரு விமானத்தின் புறத்தே பற்றிக்கொண்டோர் வீழ்ந்து மாண்டனர். இவ்விரு நிகழ்ச்சிகளிலும் இருக்கைக்கு உரிமை கோரியோருள் முதன்மையானோர் அயற்படையுடன் பணியாற்றியோர் ஆவர். 'உமக்கு உதவினோம், ஆதலின் எம்மைக் காப்பாற்றும்' என்பதே அவர்தம் வாதம். இஃது நன்றிக்கடன் பற்றிய வாதமாகும்.

திருக்குறளில் 'செய்ந்நன்றி அறிதல்' என்னும் அதிகாரத்தை அடுத்து 'நடுவு நிலைமை' வைக்கப்பட்டுள்ளது. நன்றி செய்தாரை நினைக்குமிடத்து நடுவுநிலை சிதைதல் கூடும். அவ்விடத்தும் அது சிதையலாகாது என்பதற்காகவே இவ்வைப்புமுறை அமைந்ததெனப் பரிமேலழகர் விளக்குவர். நன்றி மட்டுமே அளவுகோலாயின், காப்பவனுக்குப் பெரிதும் பயன்பட்டவனே முதலில் ஏறுவான். எவருக்கும் பயன்படாத கிழவியும் குழந்தையும் வெளியே நிற்பர். எனவே, தேவையே அளவுகோலாக வேண்டும் என்பார் உளர்.

இவ்விரண்டினுள்ளும் அடங்காத மூன்றாவது உரிமை ஒன்று உண்டு என்பதை மட்டக்களப்பின் அண்மைக்கால வரலாறு உணர்த்துகின்றது. 1987 யூலை உடன்படிக்கையின் பின் வந்த இந்திய அமைதிகாக்கும் படையின் ஆதரவுடன், 1989 இல் 'தமிழ்த் தேசிய இராணுவம்' என்ற பெயரில் ஒரு படை திரட்டப்பட்டது. வடக்கிலும் கிழக்கிலும் இளைஞர் பலர் வீதிகளில் வைத்துப் பிடிக்கப்பட்டுக் கட்டாயமாக அதிற் சேர்க்கப்பட்டனர். அவருள் பாடசாலை மாணவரும் இருந்தனர். அவ்வாண்டின் இறுதி மாதங்களில் அமைதிப்படை அம்பாறையிலிருந்தும் மட்டக்களப்பிலிருந்தும் விலகிற்று. விடுதலைப் புலிகள் அப்படையின் முகாம்களைத் தாக்கினர். இளைஞர் பலர் மாண்டனர். 1990 மார்ச் 24 அன்று இறுதி இந்திய வீரர் திருகோணமலையை விட்டு நீங்குமுன்னர், மாகாண சபையின் முதலமைச்சரும் அவர் கட்சியினர் பலரும் குடும்பத்தினருடன் இந்தியா சென்றடைந்தனர். களத்திற் பிடித்து நிறுத்தப்பட்ட இளைஞருட் பலருக்கு அத்தகைய வழி திறக்கவில்லை.

இவ்விளைஞர் விரும்பி எவ்வுதவியும் செய்தவரல்லர். ஆதலின் நன்றிக்கடன் அவர்க்கு உரித்தாகாது எனலாம். ஆயினும், அவர்தம் உயிருக்கு நேர்ந்த ஆபத்து அவர்களைப் படையிற் சேர்த்தவரால் விளைந்தது. நன்றி என்பது 'அவன் எனக்கு என்ன செய்தான்' என்று வினவும். பொறுப்பு என்பதோ 'நான் அவனுக்கு என்ன செய்தேன்' என்று வினவும். முன்னையது நடுவுநிலையைச் சிதைக்கக்கூடும். பின்னையது நடுவுநிலையின் பாற்பட்டதே. தான் விளைத்த தீங்கினின்று ஒருவனைக் காப்பது சலுகையன்று, கடன் தீர்த்தலாகும். இவ்வாறு நோக்கின் வரிசை தலைகீழாகின்றது. தெரிந்து தேர்ந்த தலைவனுக்கு முன்னர், தேரும் உரிமையே இல்லாதிருந்த சிறுவன் ஏறவேண்டியவனாகின்றான்.

அவ்வாறாயின் தேவை என்னும் அளவுகோல் பயனற்றதோ எனின், அன்று. ஆபத்தை விளைப்பதிற் பங்கில்லாதவன் காக்க வரும்போது தேவையே அவனுக்குரிய ஒரே அளவுகோலாகும். 2009 பெப்ரவரி முதல் மே வரை செஞ்சிலுவைச் சர்வதேசக் குழு முல்லைத்தீவுக் கரையிலிருந்து கடல்வழியே 13,000 இற்கும் மேற்பட்ட நோயாளரையும் காயமுற்றோரையும் உடன்செல்வோரையும் வெளியேற்றியபோது கொண்ட முறைமை இதுவே. காப்பவன் யார் என்பதைப் பொறுத்து அறத்தின் வரிசையும் வேறுபடுகின்றது.

இன்னொன்றும் கருதற்பாலது. மட்டக்களப்பு வாவியின் படுவான்கரைக்கும் எழுவான்கரைக்கும் இடையே மக்கள் நெடுங்காலம் தோணியிலும் பாதையிலும் துறை கடந்தனர். 2006 இன் இறுதியில் வாகரை மக்கள் காட்டு வழியாகவும் படகுகளிலும் தாமே உயிர் தப்பினர். விமானம் எதுவும் அவர்களை ஏற்ற வரவில்லை. தோணியில் இடம் சிறிது. எனினும் தோணிக்காரன் இறக்கிவிட்டு மீண்டும் வருவான். காலம் இருப்பின் சிறு தோணியும் ஓர் ஊரையே கரையேற்றும். காலம் கடந்தபின் பெருவிமானமும் போதாது. இருக்கைகளின் பற்றாக்குறை பெரும்பாலும் காலத்தின் பற்றாக்குறையே. அக்காலத்தை வீணாக்கியவர் இறுதி நாளில் 'இடமில்லை' என்று கூறுவது உண்மையாயினும் நியாயமாகாது.

எனவே, எவரை ஏற்றுவது என்ற வினா விமானத்தின் வாயிலில் முதன்முறையாக எழுவதன்று. பிறரைத் தன் போரில் இணைத்துக்கொள்ளும் நாளிலேயே அது எழுந்துவிடுகின்றது. மீட்டுச் செல்ல இயலாதவன் ஈடுபடுத்தவும் உரிமையற்றவன். இருக்கைகளை எண்ண வேண்டிய நாள் வெளியேறும் நாளன்று. பெயர்களைப் பதியும் நாளேயாகும்.