பிரேக்கில் கை வை!

“எதில வேணுமெண்டாலும் கை வை, பிரேக்கில மட்டும் வைச்சிடாத.” வாகனம் உள்ள வீடுகளில் இந்த வசனத்தைக் கேட்காத பிள்ளை இல்லை. பல்ப் மாற்றலாம், பற்றரி கழற்றலாம், காற்றுப் போன சில்லை மாற்றலாம். பிரேக் என்றதும் கையைக் கட்டிக்கொண்டு ஒதுங்கி நிற்க வேண்டுமாம். உயிர் விஷயமாம்.

உயிர் விஷயம் என்பதனால்தான் சொல்கிறேன், கை வை! உன் அம்மாவை ஆஸ்பத்திரிக்கு ஏற்றிப் போகிற கார் எதைப் பிடித்து நிற்கிறது என்று தெரியாமல் அதை ஓட்டுகிறாயே, அதைவிடவா இது ஆபத்து? படித்துவிட்டு, பார்த்துவிட்டு, முறையோடு கை வை. தெரிந்த ஒருவரை முதல் தடவை பக்கத்தில் வைத்துக்கொள். ஆனால் ஸ்பனர் உன் கையில் இருக்கட்டும்.

கட்டைபறிச்சான் தம்பிமாருக்கும் தங்கச்சிமாருக்கும் இதை எழுதுகிறேன். கொட்டியாரக் குடாவின் தென்கரையில், மூதூரிலிருந்து சம்பூருக்குப் போகிற வழியில் இருக்கிறது உங்கள் ஊர். குடாவுக்கு அந்தப் பக்கம் திருகோணமலைத் துறைமுகம். கடலால் போனால் கிட்ட. வீதியால் போனால் கிண்ணியாவைச் சுற்ற வேண்டும். 2009 ஒக்டோபரில் கிண்ணியாப் பாலம் திறக்கும்வரை துறையில் பாதைப் படகுக்காகக் காத்து நின்ற சனம் நீங்கள். பெரிய கராச்சும் பெரிய உதிரிப்பாகக் கடையும் எப்போதும் தண்ணீருக்கு அந்தப் பக்கம்தான். அதோடு உங்கள் காற்றில் உப்பு. மாரியில் வீதியில் வெள்ளம். பின் சில்லின் பிரேக் ட்ரம்முக்குள் ஈரம் இறங்கினால் இரும்பு துருப்பிடிக்காமல் என்ன செய்யும்? ஹாண்ட் பிரேக்கை இழுத்தபடி மழையில் சில நாட்கள் விட்டுவிட்டால் லைனர் ட்ரம்மோடு ஒட்டிக்கொண்டு சில்லே உருளாது. கொழும்பில் இருப்பவனைவிட நீதான் இந்த வேலையைத் தெரிந்திருக்க வேண்டும்.

இன்னொன்றையும் யோசி. 2020 மார்ச்சில் வாகன இறக்குமதி நின்றது. தனியார் கார்களுக்கு மீண்டும் கதவு திறக்க 2025 பெப்ரவரி ஆனது. இடையில் 2022 வந்தது: இருநூறு ரூபாவுக்குக் கிடைத்த டொலர் சில மாதங்களில் முந்நூற்றறுபதைத் தாண்டியது. கியூஆர் அட்டை காட்டி காருக்குக் கிழமைக்கு 20 லீற்றர், ஓட்டோவுக்கு 5 லீற்றர் என்று பெற்றோல் அளந்தார்கள். அந்த வருடங்கள் முழுவதும் இந்த நாடு ஓடியது பழைய வண்டிகளில். பழைய மாருதியும் அல்ரோவும் டொல்பின் வானும் ஓடினதற்குக் காரணம் அவற்றைக் கழற்றிப் பூட்டத் தெரிந்த கைகள். அந்தக் கைகளில் ஒன்றாக உன் கை ஏன் இருக்கக் கூடாது?

“எங்களால ஏலுமா?” என்று கேட்கிறாய். யார் கேட்கிற கேள்வி இது? 2006 போரில் மூதூர் கிழக்கு முழுவதும் இடம்பெயர்ந்து ஓடியது. சம்பூர்ச் சனம் கிளிவெட்டி, கட்டைபறிச்சான் முகாம்களில் தகரக் கூரையின் கீழ் வருடக்கணக்கில் கிடந்தது. 2015 இலும் 2016 இலும் காணி திரும்பியபோது கிடைத்தது வீடு அல்ல, பற்றைக்காடு. அந்தக் காட்டை வெட்டி, கிணற்றை இறைத்து, கொட்டில் போட்டு, மாடு கட்டிய சனத்தோடு வளர்ந்த பிள்ளை நீ. அப்படிப்பட்ட நீ நாலு ஸ்பிரிங்குக்கும் இரண்டு லைனருக்கும் பயப்படுவதா? என்னால் இதை ஏற்க முடியாது.

தங்கச்சி, நீயும் கேள். பிரேக்குக்கு முதன்முதலில் லைனர் போட வைத்தது ஒரு பெண். 1888 ஓகஸ்ட். ஜேர்மனியில் கார்ல் பென்ஸ் என்பவர் மோட்டார் வண்டி ஒன்றைச் செய்து வைத்திருந்தார். அதை நம்பி வாங்க ஆளில்லை. அவருடைய மனைவி பேர்தா பென்ஸ், கணவருக்குச் சொல்லாமல், பதின்ம வயது மகன்மார் இருவரையும் ஏற்றிக்கொண்டு மான்ஹைமிலிருந்து போர்ட்ஸ்ஹைமுக்கு நூறு கிலோமீற்றருக்கு மேல் ஓட்டிப் போனார். எரிபொருள் குழாய் அடைத்தது; தொப்பி ஊசியால் குத்தி எடுத்தார். எரிபொருள் தீர்ந்தது, மருந்துக்கடையில் வாங்கி ஊற்றினார். மேடுபள்ள வழியில் மரக்கட்டைப் பிரேக் தேய்ந்துபோனது. அழுதுகொண்டு நிற்கவில்லை. வழியில் இருந்த செருப்புத் தைப்பவரிடம் போய், அந்தக் கட்டைகளில் தோலை வைத்து ஆணியடிக்கச் சொன்னார். உலகத்தின் முதல் பிரேக் லைனர் அதுதான் என்கிறார்கள். எந்தப் பொறியியல் கல்லூரிக்கும் போகாத பெண், வீதியோரத்தில், தேவை வந்த இடத்தில், யோசித்துச் செய்வித்தது. இன்று உன் காரின் பின் ட்ரம்முக்குள் இருப்பது அந்த யோசனையின் பேரப்பிள்ளை. உனக்கு அதில் உரிமை இருக்கிறது.

இனி வேலைக்கு வருவோம்: பின் சில்லின் ட்ரம் பிரேக்கைக் கழற்றிப் பார்த்து, தேய்ந்த லைனரை மாற்றுவது. முதலில் அது எப்படி வேலை செய்கிறது என்று புரிந்துகொள். புரியாமல் கழற்றுகிறவனுக்கு இருப்பது துணிச்சல் அல்ல, அவசரம்.

800 கிலோ எடையுள்ள சின்னக் கார் மணிக்கு 60 கிலோமீற்றரில் போகிறது என்றால் அதன் இயக்கசக்தி ஏறத்தாழ 1,11,000 ஜூல். பிரேக்கை மிதித்து நிறுத்தும்போது அத்தனையும் சூடாக மாற வேண்டும். கிணற்றிலிருந்து அள்ளிய தண்ணீரில் மூன்றிலொரு லீற்றரைக் கொதிக்க வைக்கிற சூடு அது, சில செக்கன்களுக்குள். வேகம் பாதியானால் சக்தி காலாகிவிடும். வேகம் இரட்டித்தால் நாலு மடங்கு. இந்தக் கணக்கு மனதில் பதிந்தவன் பாலத்தடியில் மாடு நிற்கும்போது வேகமாக வரமாட்டான்.

மிதியை அமத்தினால் பிரேக் ஒயில் குழாய் வழியாகப் போய், பின் சில்லுக்குள் இருக்கிற வீல் சிலிண்டரின் இரண்டு பிஸ்டன்களையும் வெளியே தள்ளும். அவை, மேலே லைனர் பொருத்திய பிறை வடிவ ஷூ இரண்டையும் விரித்துச் சுழலும் ட்ரம்மின் உட்சுவரில் அமத்தும். வண்டி முன்னுக்குப் போகையில் முன்பக்க ஷூவை ட்ரம்மின் சுழற்சியே தன்னோடு இழுத்து இன்னும் இறுக்கும். நீ மிதித்ததைவிடக் கூடுதலாகப் பிடிப்பது அந்த ஷூதான். அதனால் முதலில் தேய்வதும் அதுவே. கழற்றிப் பார்க்கும்போது ஒரு லைனர் மற்றதைவிட மெல்லிசாக இருந்தால் திகைக்காதே, அது இயல்பு. கையால் இழுக்கிற ஹாண்ட் பிரேக் கேபிளும் இதே ஷூக்களைத்தான் பிடிக்கிறது. பழைய தொழில்நுட்பம் என்று இதைத் தள்ளிப் பேசுவோர் உண்டு. ஃபோக்ஸ்வேகன் தன் ஐடி.3, ஐடி.4 மின்சாரக் கார்களின் பின் சில்லுகளுக்கு ட்ரம் பிரேக்கையே போட்டிருக்கிறது.

இப்போது கை. மட்டமான, இறுகிய தரை வேண்டும். மணலில் ஜாக் வைக்காதே, அது புதையும். முன் சில்லுகள் இரண்டுக்கும் முன்னும் பின்னும் கல் அடை. கியரில் விடு. சில்லு நிலத்தில் இருக்கும்போதே நட்டுகளைக் கொஞ்சம் இளக்கு. பிறகு தூக்கு, ஸ்டாண்ட் வை, அதன்பிறகே சில்லைக் கழற்று. ஜாக்கை மட்டும் நம்பி ஒருபோதும் வண்டிக்குக் கீழே தலையையோ கையையோ கொண்டு போகாதே. இந்த ஒரு இடத்தில் உன் தைரியத்தைக் காட்டாதே! ஸ்டாண்ட் இல்லையென்றால் அன்றைக்கு வேலை இல்லை. இரவல் வாங்கிக்கொண்டு நாளைக்குச் செய்.

ஹாண்ட் பிரேக்கை இறக்கிவிட்டு ட்ரம்மை இழு. உங்கள் ஊர் உப்புக்கு அது இலேசில் வராது. சுத்தியலால் கண்டபடி அடிக்காதே. பல ட்ரம்களின் முகத்தில் மரை வெட்டிய இரண்டு துவாரங்கள் இருக்கும். பொருந்துகிற போல்ட் இரண்டை, பெரும்பாலும் 8 மில்லிமீற்றர், மாறி மாறிக் கொஞ்சம் கொஞ்சமாக முறுக்கு. டக் என்று ஒரு சத்தம். ட்ரம் தானாக வெளியே வரும். முதல் தடவை அந்தச் சத்தத்தைக் கேட்கும்போது உன் முகத்தை நீயே கண்ணாடியில் பார்க்க வேண்டும்.

உள்ளே கறுப்புத் தூள் படிந்திருக்கும். வாயால் ஊதாதே, கொம்பிரசர் காற்றும் அடிக்காதே. பழைய லைனர்களில் அஸ்பெஸ்டஸ் இருக்கலாம். அது நுரையீரலில் புற்றுநோய் உண்டாக்குகிற சாமான். மூக்கையும் வாயையும் மூடிக்கொண்டு, சவர்க்காரத் தண்ணீரால் நனைத்துத் துடைத்தெடு.

இனிப் போனை எடுத்துப் படம் பிடி. எந்த ஸ்பிரிங் எந்த ஓட்டையில், எந்தக் கொக்கி எந்தப் பக்கம் பார்க்கிறது என்பதெல்லாம் தெளிவாகத் தெரிய வேண்டும். ஒரே நேரத்தில் இரண்டு பக்கத்தையும் கழற்றாதே. ஒன்றைப் பிரிக்கும்போது மற்றது பூட்டியபடி இருக்கட்டும். சந்தேகம் வந்தால் போய்ப் பார்க்கலாம், இடம் வலம் மாறியிருக்கும் என்பதை மட்டும் மறந்துவிடாதே. ஷூவுக்கும் ட்ரம்முக்கும் இடையிலான இடைவெளியைச் சரிசெய்கிற அட்ஜஸ்டரின் மரை பல வண்டிகளில் ஒரு பக்கத்துக்கு ஒரு திசை. இரண்டையும் கலந்துவிட்டால் தானாக இறுக வேண்டியது தானாக இளகும். கண்ணாடி போட்டுக்கொள், ஏனென்றால் ரிட்டர்ன் ஸ்பிரிங் குறட்டிலிருந்து தப்பினால் நேரே முகத்துக்கு வரும். ட்ரம் வெளியே இருக்கும்போது யாரும் பிரேக்கை மிதிக்கக் கூடாது. மிதித்தால் பிஸ்டன் வெளியே பாய்ந்துவிடும். காருக்குள் சின்னப் பிள்ளைகளை இருத்தாதே.

லைனரின் தடிப்பைப் பார். பல கார்களின் கையேடு 1 மில்லிமீற்றர் மிஞ்சினால் மாற்று என்கிறது. உன் வண்டியின் கையேடு என்ன சொல்கிறதோ அதுவே தீர்ப்பு. ட்ரம்மிலும் ஆகக்கூடிய உள்விட்டம் அச்சடித்திருக்கும். அதைத் தாண்டித் தேய்ந்த ட்ரம்முக்குப் புது லைனர் போட்டும் பயனில்லை. ஷூ மாற்றினால் இரண்டு பின் சில்லுகளுக்கும் மாற்று. ஒன்றில் புதிது, ஒன்றில் பழசு என்றால் பிரேக் பிடிக்கும்போது வண்டி ஒரு பக்கம் இழுக்கும். ஷூக்களைத் தாங்குகிற பின்தட்டில் ஷூ உரசுகிற இடங்களில் மட்டும், சூடு தாங்குகிற பிரேக் கிரீஸ் மிக மெல்லிசாகப் பூசு. அதே விரலால் புது லைனரைத் தொட்டுவிடாதே.

இப்போது இந்த வேலையின் மிக முக்கியமான இடம். வீல் சிலிண்டரின் ரப்பர் மூடியை மெல்லத் தூக்கிப் பார். உள்ளே ஒயில் கசிந்திருக்கிறதா? நிறுத்து. அது லைனர் மாற்றினால் தீருகிற வேலை இல்லை. சிலிண்டர் மாற்ற வேண்டும், குழாய்களில் காற்று எடுக்க வேண்டும். செய்து காட்டித் தர ஆள் வரும்வரை வண்டி அப்படியே நிற்கட்டும். ட்ரம்மில் வெடிப்பு, பின்தட்டை அரித்த துரு, எங்கே போவதென்று தெரியாத ஒரு ஸ்பிரிங், இவற்றுக்கும் அதேதான். “எனக்கு இது தெரியாது, கூப்பிடுகிறேன்” என்று தலை நிமிர்ந்து சொல்! தன்னை நம்புகிறவனால்தான் அதைச் சொல்ல முடியும். நம்பாதவன்தான் மிஞ்சிய ஸ்பிரிங்கைச் சட்டைப் பைக்குள் ஒளித்துக்கொண்டு சில்லைப் பூட்டுகிறான்.

எல்லாம் சரியென்றால் அட்ஜஸ்டரைத் திருகு. ட்ரம்மைப் போட்டுச் சுற்றினால் லைனர் இலேசாக உரசுகிற சத்தம் கேட்க வேண்டும், ஆனால் சில்லு தடையில்லாமல் சுற்ற வேண்டும். நட்டுகளைக் குறுக்குக் குறுக்காக இறுக்கு. அடுத்த பக்கத்தையும் முடித்து, வண்டியை இறக்கியபின், எஞ்சினை இயக்குவதற்கு முன்பே மிதியைப் பல தடவை மிதி. மிதி மேலே வந்து இறுகாமல் வண்டி ஒரு அடி நகரக் கூடாது. ஹாண்ட் பிரேக் எத்தனை பல்லில் பிடிக்கிறது என்று பார். பிறகு வளவுக்குள் நடை வேகத்தில் முன்னுக்கும் பின்னுக்கும் ஓட்டி நிறுத்து. அதன்பின் ஆளில்லாத நேரத்தில் வீதி. புது லைனர் ட்ரம்மோடு பொருந்தச் சில நாட்கள் எடுக்கும்; அதுவரை முன்வண்டிக்குக் கூடுதல் தூரம் விடு.

இதோடு முடிகிறதா? இல்லை. படிப்பு குழம்பிப்போன பிள்ளைகள், சாதாரண தரத்தோடு நின்றவர்கள், போருக்குப் பின் வீட்டைத் தனியே சுமக்கிற பெண்கள் உங்கள் ஊரில் இருக்கிறார்கள். அவர்களுக்குச் சொல்: கையால் கற்றதும் இந்த நாட்டில் தகைமைதான். தேசிய தொழில் தகைமைச் சான்றிதழைப் பெற வகுப்பறையில் இருந்தே ஆகவேண்டும் என்றில்லை. வேலை செய்து கற்றவர்களைப் பரிசோதித்து, முன்கற்றலை அங்கீகரித்துச் சான்றிதழ் தருகிற முறை தேசிய பயிலுனர் மற்றும் கைத்தொழில் பயிற்சி அதிகார சபையில் உண்டு. கராச்சில் “பொடியன்” என்று கூப்பிடப்பட்டவன் அந்தத் தாளோடு வெளிநாட்டு வேலைக்கு விண்ணப்பிக்கலாம், சொந்தமாக ஒரு பட்டறை போடலாம். மூதூர் கிழக்கில் பெண்கள் நடத்துகிற ஒரு கராச் ஏன் வரக்கூடாது? தங்கள் ஸ்கூட்டியை நம்பிக் கொடுக்க எத்தனை பெண்கள் அங்கே வருவார்கள்!

ஆக, சாமான்களைச் சேர். கையேட்டைத் தேடி எடு. நல்ல வெளிச்சமுள்ள ஒரு ஞாயிறு காலையில் தொடங்கு. இடது பக்கத்தை நீ முடித்தபிறகு வலது பக்கத்துக்குப் போகும் முன், வேலியடியில் நின்று பார்த்துக்கொண்டிருக்கிற அந்தப் பிள்ளையைக் கூப்பிடு. ஸ்பனரை அவள் கையில் கொடு. நீ டோர்ச் பிடி.