வேடிக்கை பார்ப்பவர்கள்

நாகராஜ் மஞ்சுளே இயக்கிய ‘ஃபன்றி’ என்ற மராத்திப் படம் 2013இல் வந்தது. அதில் பன்றி பிடிக்கிற காட்சி ஒன்று வெகுநேரம் ஓடும். கைக்காடி சாதியைச் சேர்ந்த கச்ரு, மனைவி மக்களோடு பள்ளிக்கூடத்தை ஒட்டிய வெட்டவெளியில் பன்றியைத் துரத்துகிறார். மகன் ஜப்யா படிப்பது அந்தப் பள்ளியில்தான். அவன் மனசுக்குள் வைத்திருக்கும் ஷாலு படிப்பதும் அங்கேதான். அவள் கண்ணில் பட்டுவிடக் கூடாதே என்று ஒளிந்துகொள்கிறான் பையன். அப்பா விடுவதாக இல்லை. ஊர் கூடி நின்று சிரிக்கிறது.

பன்றி சிக்கப்போகும் நேரம் பார்த்துப் பள்ளியில் தேசியகீதம் ஒலிக்கிறது. ஜப்யா அசையாமல் நிற்கிறான். அவனைப் பார்த்துக் குடும்பமே நிற்கிறது. பன்றி ஓடிவிடுகிறது. நாட்டுக்குச் செய்யவேண்டிய மரியாதையை அவர்கள் செய்துவிட்டார்கள்; அவர்களுக்கு வரவேண்டிய மரியாதைதான் வரவில்லை. பாட்டு முடிந்ததும் கேலி தொடர்கிறது.

மஞ்சுளே சோலாப்பூர் மாவட்டத்து ஜேவூர்க்காரர். கல்லுடைப்பதைத் தொழிலாகக் கொண்டிருந்த வடார் சமூகத்தில் பிறந்தவர். ஜப்யாவாக நடித்த சோம்நாத் அவ்கடே அந்தப் பக்கத்துக் கிராமத்துப் பையன், கேமராவுக்குப் புதியவன். சிறந்த குழந்தை நட்சத்திரத்துக்கான தேசிய விருதை அவனும் நம் ‘தங்க மீன்கள்’ சாதனாவும் பகிர்ந்துகொண்டார்கள். ஒடுக்கப்பட்டவரைப் பற்றி எடுப்பது வேறு, அவர் நின்ற இடத்தில் நின்று எடுப்பது வேறு. முன்னதில் நமக்குக் கண்ணீர் வரும், மனசு லேசாகும். இந்தப் படத்தில் அந்த ஆறுதல் கிடையாது.

சாதிக் கொடுமையைக் காட்டும் பல படங்களில் ஒரு கொடூரன் இருப்பான், மீசை முறுக்கிக்கொண்டு. அவனைத் திட்டிவிட்டு நாம் நிம்மதியாக வீட்டுக்குப் போகலாம். மஞ்சுளே காட்டும் கூட்டத்தில் அப்படி ஒருவனைத் தேடிப் பயனில்லை. பள்ளிப் பிள்ளைகள், வேலைவெட்டியில்லாத இளைஞர்கள், போகிற வருகிறவர்கள். நம் தெருவில் இருப்பவர்களைப் போலத்தான் இருக்கிறார்கள். ஒருவன் படும் அவமானம் இன்னொருவனுக்குப் பொழுதுபோக்காவதற்கு வெறுப்புகூடத் தேவையில்லை. அது தன் வீட்டுக்கு வராது என்ற உறுதி போதும். தீண்டாமை இத்தனை காலம் தாக்குப்பிடிப்பதற்கு, அடிக்கிறவர்களைவிட இப்படி நிம்மதியாகப் பார்த்துக்கொண்டு நிற்பவர்கள்தான் பெரிய காரணம் என்று நினைக்கிறேன்.

தப்பி ஓடிய பன்றி ஒருவழியாகப் பிடிபடுகிறது. அதைக் கம்பில் கட்டித் தூக்கிப்போகிறார்கள். பின்னால் பள்ளிச் சுவரில் அம்பேத்கர், சாவித்ரிபாய் பூலே படங்கள். சுவருக்கு வந்துவிட்டவர்கள் ஊருக்குள் வந்து சேரவில்லை. கேலி எல்லை மீறும்போது ஜப்யா கல்லை எடுக்கிறான். கடைசிக் கல் கேமராவை நோக்கி, அதாவது நம்மை நோக்கி வருகிறது. திரை இருண்டுவிடுகிறது. நமக்கு எதற்கு அடி? அத்தனை நேரமும் நாமும்தானே உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தோம்.

பார்க்காதவர்கள் ‘ஃபன்றி’யைப் பாருங்கள். ஜப்யாவுக்காக அழுவதற்கு முன், சுற்றி நின்று சிரிப்பவர்களின் முகங்களை ஒவ்வொன்றாகப் பாருங்கள்.